"பூண்டு எங்கடா?": டிசைனர் என்று காட்டுவது எப்படி

போன நவம்பரில் எங்கள் தெருவில் இருக்கும் ஒரு தம்பி கையில் போனோடு வீட்டுக்கு வந்தான். வயசு இருபத்தொன்று. சீசனில் ஒரு தங்கும் விடுதியில் வேலை, மற்ற நேரம் யூட்யூப் பார்த்து போட்டோஷாப், இல்லஸ்ட்ரேட்டர், கேன்வா என்று கற்றுக்கொண்டிருக்கிறான்.

"அண்ணே, கோயம்புத்தூர்ல எட்டு கம்பெனிக்கு அப்ளை பண்ணிட்டேன். போர்ட்ஃபோலியோ அனுப்புங்கன்னு சொல்றாங்க. அனுப்புனா பதிலே வர்றதில்ல. நான் டிசைனர்தான்னு எப்படிண்ணே காட்டுறது?"

வாங்கிப் பார்த்தேன். நாற்பது பக்கம். இல்லாத ஒரு காபி கம்பெனிக்கு லோகோ, இல்லாத ஒரு ஷூவுக்கு விளம்பரம், ஓநாய் தலை போட்ட கேமிங் சின்னம், நடிகர் பிறந்தநாள் போஸ்டர் ஆறேழு. கை நன்றாக ஓடியிருக்கிறது, சந்தேகமில்லை. ஆனால் நாற்பது பக்கமும் பார்த்து முடித்த பிறகு இவன் எப்படி யோசிப்பான் என்று எனக்கு ஒன்றும் தெரியவில்லை. நான் டிசைனர் இல்லை. பில் போடும் மென்பொருள் எழுதிப் பிழைப்பவன். எங்கள் தொழிலில் "கோடைக் காட்டு" என்றால் முடிந்தது. இவர்கள் தொழிலில் எதைக் காட்டினால் நம்புவார்கள்? அன்றிரவு உட்கார்ந்து தேட ஆரம்பித்தேன். வழக்கம்போல இரண்டு வாரம் போய்விட்டது.

தேடியதில் எனக்குப் பிடிபட்ட நல்ல உதாரணம் எல்லோர் பையிலும் இருப்பதுதான். ₹.

2009 மார்ச் 5 அன்று மத்திய அரசு ரூபாய்க்கு ஒரு குறி வேண்டும் என்று போட்டி அறிவித்தது. டாலருக்கு, பவுண்டுக்கு, யென்னுக்கு, யூரோவுக்கு இருக்கிறது. நமக்கு மட்டும் 'ஆர்.எஸ்.' என்று இரண்டு எழுத்து, அதையும் பாகிஸ்தான், இலங்கை, நேபாளத்தோடு பங்குபோட்டுக்கொண்டிருந்தோம். யார் வேண்டுமானாலும் கலந்துகொள்ளலாம். பரிசு 2.5 லட்சம் ரூபாய், காப்புரிமையை அரசிடம் ஒப்படைத்துவிட வேண்டும். இந்தியப் பண்பாட்டைக் காட்ட வேண்டும், அதே சமயம் சாதாரண விசைப்பலகையில் இடம்பிடிக்கக்கூடியதாக இருக்க வேண்டும். 3,331 வடிவமைப்புகள் வந்தன. கடைசிச் சுற்றுக்கு ஐந்து பேர்: நோந்திதா கொரியா மெஹ்ரோத்ரா, ஹிதேஷ் பத்மஷாலி, ஷிபின், ஷாருக் இரானி, உதயகுமார். 2010 ஜூலை 15-இல் அமைச்சரவை தேர்ந்தெடுத்தது உதயகுமாருடையதை. கள்ளக்குறிச்சியில் பிறந்தவர். அப்பா தர்மலிங்கம் ரிஷிவந்தியம் தொகுதியில் திமுக எம்.எல்.ஏ.வாக இருந்தவர்.

இதுவரை எல்லோருக்கும் தெரிந்த கதை. பொது அறிவுப் புத்தகத்தில் ஒரு மதிப்பெண் கேள்வி. எனக்கு வேண்டியது அதற்கு அடுத்தது: அவர் எதைக் காட்டினார்?

குறி எளிது. தேவநாகரி 'ர' எழுத்தையும் ரோமன் 'ஆர்' எழுத்தையும் ஒன்றாக்கியது. 'ஆர்' எழுத்தின் நட்டுக்குத்தான காலை எடுத்துவிட்டால் மிச்சம் கிட்டத்தட்ட தேவநாகரி 'ர'தான். மேலே இருக்கும் கோடு வடமொழி எழுத்துகளின் தலைக்கோடு, 'சிரோரேகை' என்பார்கள். அதற்குக் கீழே இன்னொரு கோடு. இரண்டு கோடும் நடுவில் விட்ட வெள்ளையும் சேர்ந்தால் மூவர்ணக் கொடி என்பது அவர் தந்த விளக்கம். யூரோவிலும் யென்னிலும் இருக்கிற மாதிரி இரட்டைக்கோடு வந்துவிட்டதால், பார்த்தவுடன் "இது ஏதோ பணம்" என்று வெளிநாட்டுக்காரனுக்கும் தோன்றும். அதாவது ஒவ்வொரு கோடுக்கும் "இது ஏன் இங்கே இருக்கு?" என்று கேட்டால் பதில் இருக்கிறது. பதில் உங்களுக்குப் பிடிக்காமல் போகலாம், அது வேறு. எனக்கே அந்தக் கொடி விளக்கம் கொஞ்சம் பின்னாடி ஒட்டவைத்தது போலத்தான் படுகிறது. ஆனால் யூரோவோடு உறவு காட்டிய இடத்தில் ஆள் கெட்டிக்காரர்.

இதை ஒருவர் ஒரு ராத்திரியில் வரைந்திருக்க முடியுமா? வரைந்திருக்கலாம். எந்த ராத்திரிக்கு முன்னால் எத்தனை வருஷம் என்பதுதான் கணக்கு. உதயகுமார் 2001-இல் அண்ணா பல்கலைக்கழகத்தில் பி.ஆர்க். முடித்தார். அப்புறம் மும்பை ஐஐடியின் ஐடிசியில் காட்சித் தொடர்பியலில் முதுகலை, 2003. அங்கே படிக்கும்போதே 'பராசக்தி' என்று ஒரு தமிழ் எழுத்துரு செய்தார். பிறகு அங்கேயே முனைவர் பட்டம், அதுவும் தமிழ் எழுத்துருவியலில். குறி தேர்வான அதே சமயம் குவாஹாட்டி ஐஐடியில் ஆசிரியராகச் சேர்ந்தார். ஆக, போட்டி அறிவிப்பு வந்த அன்று அவர் பல வருஷமாக ஒரே கேள்வியோடு குடித்தனம் நடத்திக்கொண்டிருந்த மனுஷன்: ஒரு எழுத்தில் எதை எடுத்தாலும் அது அந்த எழுத்தாகவே இருக்கும், எதை எடுத்தால் செத்துப்போகும்? தமிழுக்காகக் கேட்ட கேள்வியின் பதிலை தேவநாகரிக்குப் பயன்படுத்திவிட்டார். நம் எழுத்துக்குத் தலைக்கோடே கிடையாது என்பது இதில் ஒரு வேடிக்கை.

போட்டியைப் பற்றி நல்லதாக மட்டும் சொல்லி நகர முடியாது. தேர்வு நடந்த விதம் வெளிப்படையாக இல்லை என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேள்விகள் போயின, தில்லி உயர்நீதிமன்றம் வரை வழக்கும் போனது. என் மனக்குறை வேறு. ஒருத்தர் ஜெயிக்க ஏராளமானோர் சும்மா உழைத்தார்கள். நாட்டுக்காக ஒரு முறை, சரி. இப்போது மூலைக்கு மூலை "லோகோ போட்டி, வெற்றியாளருக்கு ஐயாயிரம்" என்று நடத்துகிறார்களே, அது இலவசமாக இருநூறு லோகோ வாங்கும் வழி. தம்பியும் அப்படி நாலைந்துக்கு அனுப்பியிருக்கிறான். "அனுபவம் கிடைக்கும்னு சொன்னாங்கண்ணே." கிடைத்தது என்னவோ ஒரு நன்றி மெயில்.

குறி அறிவித்த பிறகு நடந்ததுதான் என் தொழிலுக்குச் சம்பந்தப்பட்ட பகுதி. அறிவித்த அன்று அது ஒரு படம் மட்டும்தான், எழுத்து இல்லை. எந்தக் கணினிக்கும் தெரியாது. அந்த ஜூலையிலேயே மங்களூரைச் சேர்ந்த ஃபோரேடியன் டெக்னாலஜீஸ் ஒரு இலவச எழுத்துருவை வெளியிட்டது. விசைப்பலகையில் 1-க்கு இடப்பக்கம், யாரும் தொடாத ஒரு சின்னச் சாய்கோடு இருக்குமே, அந்த இடத்தில் ரூபாய்க் குறியை உட்காரவைத்துவிட்டார்கள். கெட்டிக்காரத்தனமான குறுக்குவழி. விளைவு, அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் ₹500 என்பது `500 என்று தெரியும். சில விளம்பரங்களும் விலைப்பட்டியல்களும் அப்படியே அச்சாகி வந்ததை நான் பார்த்திருக்கிறேன். நான் அன்று எழுதிக்கொண்டிருந்த பில் மென்பொருளிலும் அதே கூத்து. ஒரு வாடிக்கையாளர் போன் பண்ணி, "தொகைக்கு முன்னாடி ஏதோ கொசு உக்காந்திருக்கு சார்" என்றார்.

2010 அக்டோபரில் வந்த யூனிகோட் 6.0-இல் குறிக்குத் தனி இடம் கிடைத்தது. அதே மாதம் வந்த உபுண்டு 10.10-இல் அது இருந்தது. விண்டோஸ் 7-க்கு 2011-இல் ஒரு அப்டேட்டாக வந்தது. அதே வருஷம் நாணயங்களிலும் ஏறியது. ஒரு வருஷத்துக்குள் படம் எழுத்தானது பெரிய வேகம். ஆனால் இன்றைக்கும் மலிவான பில் பிரின்டர்கள் பலவற்றில் அது கேள்விக்குறியாகத்தான் விழும். வெப்பத்தில் அச்சடிக்கும் அந்தச் சின்ன பிரின்டர்களுக்கு மில்லிமீட்டருக்கு எட்டுப் புள்ளிதான். சின்ன அளவில் அடித்தால் இரண்டு கோடும் ஒட்டிக்கொண்டு நடுவில் இருக்கும் வெள்ளை காணாமல் போகும். கொடியும் போச்சு. நான் இன்றும் பாதி இடங்களில் 'ரூ.' என்றே வைத்திருக்கிறேன்.

'ரூ' என்றதும் 2025 மார்ச் ஞாபகம் வரும். தமிழ்நாடு பட்ஜெட் சின்னத்தில் ₹ இருந்த இடத்தில் 'ரூ' வந்தது, ஒரு வாரம் தொலைக்காட்சியில் இதே சண்டை. அந்தச் சண்டைக்குள் நான் போகவில்லை. ஆனால் யாரும் பேசாத ஒன்று உண்டு. தமிழில் ரூபாய்க்குப் பழைய கணக்கேடுகளில் ஒரு தனிக் குறி இருந்தது: ௹. யூனிகோடில் அது 2003-லேயே ஏறிவிட்டது, ₹ ஏறுவதற்கு ஏழு வருஷம் முன்னால். நாள், மாதம், வருஷம், பற்று, வரவுக்கெல்லாம் கூட இப்படிக் குறிகள் உண்டு. எங்கள் தாத்தா காலத்துக் கணக்கு நோட்டில் நான் பார்த்திருக்கிறேன். அதை யாரும் போட்டி வைத்துத் தேர்ந்தெடுக்கவில்லை. தினமும் நூறு தடவை எழுதிய கைகள் தேய்த்துத் தேய்த்து உருவாக்கியது.

சரி, தம்பிக்கு வருகிறேன். ஐடிசி மாதிரி இடத்துக்கு அவன் போக முடியுமா? ஐஐடிகளில் பி.டெஸ். படிக்க 2015-இலிருந்து யூசீட் என்று ஒரு நுழைவுத்தேர்வு நடக்கிறது, ப்ளஸ் டூவில் எந்தப் பிரிவு எடுத்தவரும் எழுதலாம். ஆனால் ப்ளஸ் டூ முடித்த சூட்டோடு எழுத வேண்டும். இப்படி ஒன்று இருப்பதே மலையில் அவனுக்கு யாரும் சொல்லவில்லை. சென்னையிலும் கும்பகோணத்திலும் அரசு கவின்கலைக் கல்லூரிகள் இருக்கின்றன. சென்னைக் கல்லூரி 1850-இல் அலெக்சாண்டர் ஹண்டர் என்ற டாக்டர் தொடங்கிய பள்ளியிலிருந்து வந்தது. அங்கே படித்த கொண்டைய ராஜு பிற்பாடு நாடகக் கம்பெனிகளுக்குத் திரைச்சீலை வரைந்து, கோவில்பட்டியில் தங்கி, சிவகாசி காலண்டர் சாமிப் படங்களின் முகத்தையே தீர்மானித்தார். அவருடைய சீடர்கள் எந்தக் கல்லூரிச் சான்றிதழையும் நீட்டி வேலை வாங்கவில்லை. ஊர் ஊராக வீட்டுச் சுவரில் தொங்கிய காலண்டர்தான் அவர்கள் போர்ட்ஃபோலியோ.

அதனால் அவனிடம் சொன்னது இதுதான். நாற்பது பக்கத்தையும் தூக்கிப் போடு. நம்ம ஊரில் நிஜமாக இருக்கிற ஒரு பிரச்னையை எடு. வரைந்ததை மட்டும் காட்டாதே, வேண்டாம் என்று ஒதுக்கியதையும் ஏன் ஒதுக்கினாய் என்பதையும் சேர்த்துக் காட்டு.

முதலில் கடைப் பலகையை எடுத்தான். இதில் அரசே ஒரு வடிவமைப்பு விதி போட்டுவைத்திருப்பது பலருக்குத் தெரியாது. தமிழ்நாடு கடைகள் மற்றும் நிறுவனங்கள் விதிகள், 1948-இன் 15-ஆவது விதிப்படி பெயர்ப்பலகையில் தமிழ்தான் முதன்மை. வேறு மொழிகளும் வைத்தால் தமிழ் 5, ஆங்கிலம் 3, இன்னொரு மொழி 2 என்பது விகிதம். சொல்ல எளிது, செய்து பார்த்தால்தான் சிக்கல். தமிழ் எழுத்து அகலம் அதிகம். 'பூண்டு', 'சாக்லேட்', 'தைலம்' எல்லாம் பலகையில் நீளமாகப் படுத்துக்கொள்ளும். ஆங்கிலத்தைச் சுருக்கி நிறுத்திவிடலாம், தமிழை நெருக்கினால் 'ண'வின் சுழிகள் ஒன்றோடொன்று ஒட்டி 'ன'வாகிவிடும். கொடைக்கானலில் கடைவீதியில் ஒரு நடை போய்ப் பாருங்கள், பெரும்பாலும் தமிழ் ஒரு மூலையில் எறும்பு மாதிரிதான் இருக்கும். சுற்றுலாக்காரர்களுக்காக என்பார்கள். வருகிறவர்களில் முக்கால்வாசி மதுரைக்காரர்களும் திருச்சிக்காரர்களும்தானே!

அப்புறம் மஞ்சு. ஏழாயிரம் அடி உயரத்தில் இருக்கிற ஊர், மத்தியானம் மூன்று மணிக்கு எதிர்க் கடை தெரியாது. தம்பி ஒரு காரியம் செய்தான். ஒரே வார்த்தையை ஆறு விதமாக அச்சடித்து, மெலிந்த எழுத்து, தடித்த எழுத்து, வெள்ளையில் நீலம், கறுப்பில் மஞ்சள் என்று, விடுதிச் சுவரில் ஒட்டி, மூடுபனி இறங்கும்போது பின்னால் நடந்து நடந்து எது எத்தனை அடியில் மறைகிறது என்று சாக்பீஸால் தரையில் கோடு போட்டான். வெள்ளைப் பலகை முதலில் போனது, பனியோடு பனியாக. ஒயிலான மெல்லிய எழுத்து அதற்கு அடுத்து. தடித்த எழுத்தும் ஒரு எல்லைக்கு மேல் உதவவில்லை, கொம்பும் சுழியும் அடைத்துக்கொண்டன. நடுத்தரத் தடிமனில், எழுத்துகளுக்கு நடுவே தாராளமாக இடம் விட்டதுதான் கடைசிவரை நின்றது. அந்தத் தரைக்கோடுகளை அவன் எடுத்த போட்டோ, அவன் பழைய நாற்பது பக்கத்தை விட எனக்கு அதிகம் சொன்னது.

இரண்டாவது வேலை அவனுடைய மாமாவுக்கு. பூம்பாறையில் பூண்டு போடுகிறார். கொடைக்கானல் மலைப்பூண்டுக்கு 2019-இல் புவிசார் குறியீடு கிடைத்தது, பழனி பஞ்சாமிர்தத்துக்குக் கிடைத்த அதே வருஷம். ஆனால் ரோட்டோரத்தில் வாங்குகிறவருக்கு எது மலைப்பூண்டு, எது கீழேயிருந்து லாரியில் ஏறி வந்தது என்று தெரியாது. இரண்டும் ஒரே வலைப்பையில் தொங்கும். மாமாவுக்கு விலையில் அடி. அதனால் பையில் கட்ட ஒரு அட்டை வேண்டும்.

முதல் அட்டையில் மலை, சூரியோதயம், குறிஞ்சிப் பூ, அருவி, தங்க நிற எழுத்து, மூன்று விதமான எழுத்துரு. மாமா கையில் வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "எல்லாம் சரி, பூண்டு எங்கடா?"

எந்தப் பேராசிரியரும் இதை விடச் சுருக்கமாக விமர்சனம் சொல்ல முடியாது.

இரண்டாவதில் பூண்டு வந்தது. அதோடு அச்சுச் செலவும் வந்தது. நாலு கலர் அடித்தால் மாமாவுக்குக் கட்டாது. ஒரே நிறம், பழுப்பு அட்டை என்று இறங்கினான். நிறம் போனதும் படம் தானாகத் தெளிந்தது, ஒரு பூண்டின் கோட்டுருவம், பற்கள் பிரியும் கோடுகள் மட்டும். பெரிதாக 'மலைப்பூண்டு', கீழே 'பூம்பாறை', பின்பக்கம் யார் தோட்டம், எப்போது பிடுங்கியது. வாங்குகிறவர் சந்தேகப்படுவதே அதைத்தான் என்பதால் பின்பக்கத்துக்கு முன்பக்கத்தை விட அதிக நேரம் செலவழித்தான். ஒதுக்கிய ஏழு அட்டைகளையும் தேதி போட்டு வைத்திருக்கிறான். மொத்தம் பதினோரு பக்கம். மூடுபனிச் சோதனை ஐந்து, பூண்டு ஆறு.

அதை அனுப்பியதில் ஒரு இடத்திலிருந்து கூப்பிட்டார்கள். பேசிய அம்மா அட்டையைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லையாம், சாக்பீஸ் கோடுகளைப் பற்றியே இருபது நிமிஷம் கேட்டாராம். வேலை இன்னும் உறுதியாகவில்லை. நடுவில் கடைவீதியில் ஒருவர் தன் கடைப் பலகையை மாற்றித் தரச் சொல்லியிருக்கிறார், காசு கொடுத்து. முதல் கேள்வியாக "ஆங்கிலத்தைக் கொஞ்சம் பெருசா போடலாமா?" என்றாராம்.

போன ஞாயிற்றுக்கிழமை பூம்பாறை போயிருந்தேன். மாமா பைகளில் அட்டை தொங்கிக்கொண்டிருந்தது. முன்பக்கம் கீழ் மூலையில் விலை எழுத ஒரு கட்டம், அதற்கு முன்னால் அழகாக அச்சடித்த ₹. மாமா மார்க்கரை எடுத்து ஒவ்வொரு பையிலும் அந்தக் கட்டத்துக்குள் 'ரூ.400' என்று எழுதிக்கொண்டிருந்தார். ₹ ரூ.400. தம்பி கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டே நின்றான். பிறகு போனை எடுத்து, அடுத்த அச்சுக்கு அந்தக் குறியை எடுத்துவிட்டு கட்டத்தை இன்னும் ஒரு சென்டிமீட்டர் அகலமாக்க வேண்டும் என்று குறித்துக்கொண்டான்.